லோய் சார்ஜன்ட்டின் நனைந்த பிள்ளைகள்

ஷெக் லோய் இறந்த மறுநாள் சவச்சாலைக்காரர் கேட்ட முதல் கேள்வி, பிள்ளைகள் எத்தனை பேர் என்பது. துக்கத்துக்கு உடுத்தும் சணல் துணியை அவர் வெட்டியாக வேண்டும்.

"பெத்தது ஒண்ணு," என்றார் லோயின் மனைவி யூக்-லான். "தண்ணியிலேருந்து எடுத்தது முப்பதுக்கு மேல. அதுல செத்தது போக, உள்ள இருக்கறது போக, எத்தனை வரும்னு எனக்குத் தெரியாது. நீங்க நிறையவே வெட்டுங்க."

அவர் நிறையவே வெட்டினார். துணி போதவில்லை.

லோய் ஹாங்காங் துறைமுகத்தில் நீர்ப் போலீஸ் சார்ஜன்ட்டாக இருந்தவர். ஒன்பதாம் எண் ரோந்துப் படகின் சுக்கான் அவர் கையில். அப்போது வெள்ளைக்காரர் ஆட்சி. படகு அவர்களுடையது, சட்டம் அவர்களுடையது. தண்ணீர் யாருடையது என்பதில் மட்டும் கருத்து வேறுபாடு இருந்தது. லோய் ஷாவ் கெய் வான் குடாவில் ஒரு மீன்படகில் பிறந்தவர். கரையில் கால் வைத்தால் அவருக்குத் தலைசுற்றும். நிலம் ஆடாமல் நிற்பது இயற்கைக்கு மாறானது என்று நினைத்தார்.

தண்ணீரைப் பற்றிப் படகுக்காரர்கள் வைத்திருந்த கணக்கு இது. அதில் விழுந்தவன் அதற்குச் சொந்தம். அவனைப் பறித்துக்கொண்டு போனால் தண்ணீர் சும்மா விடாது; அவனையோ பறித்தவனையோ ஒருநாள் திரும்பக் கேட்கும். தப்பிக்க ஒரே வழிதான். தூக்கியவன் அங்கேயே, தண்ணீர் காதில் விழும்படி, "இது என் பிள்ளை" என்று சொல்லிவிட வேண்டும். அப்பன் மாறிவிட்டால் தண்ணீருக்குக் குழப்பம் வந்துவிடும். அது தேடுகிற ஆள் இவனில்லை. அன்றிலிருந்து தூக்கியவர் தத்தப்பா. பிள்ளைக்கு ஒரு கிண்ணம், ஒரு ஜோடி சாப்பாட்டுக் குச்சி, ஒரு கால்சட்டை வாங்கித் தர வேண்டியது அவர் பொறுப்பு. வருஷப் பிறப்புக்கு வந்து மண்டியிட்டுத் தேநீர் ஊற்ற வேண்டியது பிள்ளையின் பொறுப்பு. வெறுங்கையோடு வரக்கூடாது. இதில் வயது ஒரு பொருட்டில்லை.

இந்தச் செலவுக்குப் பயந்து பலர், விழுந்தவனைப் பார்த்தால் ஒரு கழியை நீட்டிவிட்டு வேறு திசையைப் பார்ப்பார்கள். கழியைப் பிடித்துத் தானாக ஏறியவன் யாருக்கும் பிள்ளையில்லை. லோய்க்கு அந்தப் பொறுமை கிடையாது. 'தொபுக்' என்று கேட்டால் குதித்துவிடுவார். அவர் நீந்துவது பார்க்க நன்றாக இராது. நாய்போலத் தலையைத் தூக்கிக்கொண்டு இரண்டு பக்கமும் தண்ணீரை அடித்துக்கொண்டே போவார். செலவாகும் சக்தியில் பாதிதான் முன்னால் தள்ளப் பயன்படும். ஆனாலும் போய்ச் சேர்ந்துவிடுவார்.

இப்படிச் சேர்ந்த பிள்ளைகள் யோக்கியர்கள் என்று சொல்ல முடியாது. யோக்கியர்கள் நல்ல வானிலையில், அளவான பாரத்தோடு, பகலில் படகு விடுவார்கள். அவர்கள் ஏன் விழப்போகிறார்கள்? மூத்தவன் கெங்-யாவ் கடத்தல்காரன். தீர்வை கட்டாத மண்ணெண்ணெய் டின்களை விளிம்புவரை அடுக்கிக்கொண்டு, ஒன்பதாம் படகு துரத்தியபோது திரும்பியதில் கவிழ்ந்தவன். துரத்திய லோய்தான் தூக்கினார். தூக்கியபின் கைது செய்தார். கைது செய்தபின் கால்சட்டை வாங்கித் தந்தார். இரண்டாமவன் ஃபுக்-ஷிங் வெடி போட்டு மீன் பிடிப்பவன். வெடியைக் கொஞ்சம் தாமதமாக வீசி, மூன்று விரலையும் படகையும் ஒரே நேரத்தில் இழந்தவன்.

பெற்றது ஒரு மகள். அவளுக்கு நான்கு வயதிலேயே நீந்தக் கற்றுக்கொடுத்துவிட்டார். அதனால் அவளைத் தூக்க வேண்டி வரவேயில்லை. சின்ன வயதில் அவளுக்கு அது ஒரு பெரிய குறை.

தினமும் காலையில் கஞ்சிக்காரி சாம்-மூய் தன் துடுப்புப் படகை ஒன்பதாம் படகின் பக்கத்தில் கொண்டுவந்து அணைப்பாள். நடுவில் அடுப்பு, அதன்மேல் பானை, சுற்றிலும் கிண்ணங்கள். அறுபதைத் தாண்டியவள். லோயைவிடப் பத்துப் பதினைந்து வயது மூத்தவள். வாய்க்குத் தாழ்ப்பாள் கிடையாது.

"என்ன சார்ஜன்ட்டு, இந்த வாரம் எத்தனை பிரசவம்?"

"கஞ்சிய ஊத்து."

"பொண்டாட்டி ஒண்ணு பெத்துட்டு மூச்சு வாங்குறா. நீ முப்பது பெத்துட்டு நல்லாத்தான் இருக்க."

"மீன் போட்டு ஊத்து."

"மீனுக்கு உன் ரெண்டாவது புள்ளையைத்தான் கேக்கணும். அவன் போடுற வெடியில மீனு வேகாமலே வெந்து வருது."

ஓர் ஆண்டு வருஷப் பிறப்புக்குச் சற்று முன்னால் புது இன்ஸ்பெக்டர் ஒருவர் வந்தார். பெயர் டன்ஸ்டன். இளைஞர், ஒல்லி, நல்ல உயரம். ஊர்ப் பேச்சை வகுப்பில் உட்கார்ந்து புத்தகத்திலிருந்து படித்தவர். வாயைத் திறந்தால் அரசாங்க அறிக்கை வாசிப்பதுபோல் இருக்கும். மரியாதை தெரிந்தவர் என்பதால், வருஷப் பிறப்புக்கு மறுநாள் தன் கீழ் வேலை செய்பவர்களின் வீடுகளுக்குப் போய் வாழ்த்துச் சொல்லிவரப் புறப்பட்டார்.

லோயின் குடியிருப்பு மூன்றாம் மாடியில். படிக்கட்டின் அடியிலேயே வரிசை தொடங்கியது. கையில் உப்புப் போட்டு உலர்த்திய வாத்து, கூடையில் ஆரஞ்சு, காலைக் கட்டிய கோழி, சரம் கோத்த உலர் சிப்பி. டன்ஸ்டன் ஒவ்வொரு படியாக ஏறினார். ஒவ்வொரு படியிலும் ஒரு முகம். அவற்றில் பாதி முகங்களை அவர் போலீஸ் நிலையத்துச் சுவரில் ஒட்டிய படங்களில் ஏற்கெனவே பார்த்திருந்தார். எல்லோரும் அவருக்கு வணக்கம் சொன்னார்கள். கெங்-யாவ் கையிலிருந்த பிராந்திப் புட்டியை முதுகுக்குப் பின்னால் கொண்டுபோனான்.

கதவருகே லோய் நின்றிருந்தார்.

"சார்ஜன்ட், இவர்கள் யாவர்?"

"பிள்ளைங்க சார்."

"அனைவருமா?"

"இன்னும் சில பேர் வரல சார். வெளிய காத்து பலமா இருக்கு."

டன்ஸ்டன் வாழ்த்துச் சொன்னார், ஒரு ஆரஞ்சைக்கூடத் தொடவில்லை, இறங்கிப் போனார். அந்த வாரமே விசாரணை அறிவிப்பு வந்தது. சட்டத்தை மீறுபவர்களிடம் பரிசு வாங்கி, அவர்களைக் கண்டும் காணாமல் விட்டதாகச் சந்தேகம். நிரூபணமானால் படகு போய்விடும். லோய் கரையில், சாமான் கிடங்கில், மிதவைச் சட்டைகளுக்குக் காவலாக உட்கார வேண்டும்.

படகு முழுக்க இதே பேச்சு. இன்ஜின்காரர் பாவ் எண்ணெய்த் துணியால் கையைத் துடைத்துக்கொண்டே ஒரு யோசனை சொன்னார்.

"சார்ஜன்ட்டு, அந்த ஆளு தினம் பின்பக்கம் வந்து நின்னு கடலைப் பாக்குறாரு. ஒரு தள்ளு. நீங்க குதிச்சுத் தூக்கிடுங்க. அப்புறம் அவரும் பிள்ளைதான். எந்தப் பிள்ளை அப்பனை விசாரிப்பான்?"

லோய் சிறிது நேரம் யோசித்ததுபோல்தான் இருந்தது.

"வேணாம்டா. கால்சட்டை வாங்கணும். அந்த உசரத்துக்குத் துணி கட்டுப்படியாகாது."

டன்ஸ்டன் நேர்மையானவர். முதலில் நீதிமன்றப் பதிவுகளைத்தான் புரட்டினார். பயனில்லை. படகுக்காரனுக்குக் குழந்தையில் கூப்பிட்ட பால்பெயர் ஒன்று, படகில் கூப்பிடும் பெயர் ஒன்று, கடன் வாங்கும்போது சொல்லும் பெயர் ஒன்று. கைதாகும்போது இவை எதுவும் இல்லாமல் புதிதாக ஒன்று சொல்வான். ஆகவே ஆட்களையே வரவழைத்துக் கேட்பதென்று முடிவு செய்தார். சார்ஜன்ட் உங்களைப் பிடித்திருக்கிறாரா, இல்லையா? உண்மையைச் சொல்லியிருந்தால் ஒரு தேநீர் ஆறுவதற்குள் முடிந்திருக்கும்.

ஆனால் பிள்ளைகள் முதல்நாள் ஃபுக்-ஷிங்கின் படகில் கூடிப் பேசியிருந்தார்கள். பெற்ற அப்பனைப்போல இருப்பவர், பிள்ளைகளையே ஜெயிலுக்கு அனுப்பினார் என்று ஒரு வெள்ளைக்காரன் முன்னால் எப்படிச் சொல்வது? அவர் முகம் என்னாவது? எல்லோரும் ஒரே குரலில் மறுத்துவிடுவது என்று தீர்மானமாயிற்று.

விசாரணை நிலையத்தின் மாடியறையில் நடந்தது. லோய் ஓரத்தில் ஒரு ஸ்டூலில் விறைப்பாக உட்கார்ந்திருந்தார். ஃபுக்-ஷிங்கையும் கெங்-யாவையும் முதலில் அழைத்தார்கள். ஃபுக்-ஷிங் தலையில் எண்ணெய் வைத்துப் படிய வாரியிருந்தான்.

"இவர் உம்மை எப்போதேனும் கைது செய்ததுண்டா?"

"ஐயோ, ஒருநாளும் இல்லீங்க. எந்த அப்பனாச்சும் மகனைப் பிடிப்பானா?"

லோய் நிமிர்ந்து பார்த்தார்.

"நீர் வெடி வைத்து மீன் பிடிப்பவர் என அறிகிறேன்."

"வெடியா? எனக்குச் சத்தமே ஆகாதுங்க."

"உமது விரல்கள் எங்கே?"

"பொறக்கும்போதே வரலீங்க."

டன்ஸ்டன் எழுதிக்கொண்டார். பிறகு கெங்-யாவின் பக்கம் திரும்பினார். அவன் இதைவிட நன்றாகச் செய்ய வேண்டும் என்ற முடிவோடு இருந்தான்.

"எங்கப்பா தங்கம் சார். என் படகுல டின்னு டின்னா அடுக்கியிருந்தாலும் அவரு பாட்டுக்கு வேற பக்கம் பாத்துட்டுப் போயிடுவாரு. அவ்வளவு பாசம்."

"இவ்வாறு எத்தனை முறை நிகழ்ந்தது?"

"எப்பவுமே அப்படித்தான்."

டன்ஸ்டனின் பேனா வேகமாக ஓடியது. லோயின் காது முதலில் சிவந்தது, பிறகு கழுத்து. படகு கைவிட்டுப் போவது அவருக்குத் தெரிந்தது. ஆனால் அவரை எழுப்பியது அதுவல்ல. தன் பிள்ளைகள் தன் கண்முன்னால், அரசாங்க மேசைக்கு எதிரே நின்று, பச்சையாகப் பொய் சொல்கிறார்கள்.

"டேய்," என்றார்.

இருவரும் திரும்பினார்கள்.

"பொறக்கும்போதே வரலியா? உன்னைத் தூக்கினப்ப அந்த விரலை மீனு மொய்ச்சுக்கிட்டு இருந்துச்சுடா. கையில துணியச் சுத்தி ஆஸ்பத்திரிக்கு யாரு கூட்டிட்டுப் போனது? அங்கேருந்து நேரா கோர்ட்டுக்கு யாரு கூட்டிட்டுப் போனது? மூணு மாசம் உள்ள உக்காந்திருந்தியே, மறந்துபோச்சா?"

ஃபுக்-ஷிங் கூரையைப் பார்த்தான், தரையைப் பார்த்தான். பிறகு மெதுவாகச் சொன்னான்.

"அது நாலு மாசம்ப்பா. மூணு, ரெண்டாவது தடவை."

"எனக்கு ஆறு மாசம்," என்றான் கெங்-யாவ்.

"உன்னை யாரு கேட்டா?"

"மூத்தவன் நானு. அப்பா என்னைத்தான் அதிகம் பிடிச்சிருக்காரு. டயர் கேசு, சிகரெட் கேசு, மண்ணெண்ணெய் ரெண்டு தடவை. உன்னுது என்ன, வெறும் மீனு."

"மண்ணெண்ணெய்ல ஒண்ணு அபராதத்தோட போச்சு. அது சேராது."

"சேராதா? அப்பா, நீங்களே சொல்லுங்க. சேருமா, சேராதா?"

வெளியே வரிசையில் நின்றவர்கள் இதைக் கேட்டார்கள். தங்கள் முறை வருவதற்குள் விஷயம் முடிந்துவிடுமோ என்று பயந்து கதவைத் தள்ளிக்கொண்டு வந்தார்கள். ஒருவன், தன்னைப் பிறந்தநாளன்று பிடித்ததாகச் சொன்னான். இன்னொருவன், தன் கல்யாணத்துக்கு வந்து மொய் வைத்துவிட்டு, போகும்போது படகின் அடித்தட்டைத் திறந்து பார்த்து, மாப்பிள்ளையான தன்னையும் கூட்டிக்கொண்டு போனதாகச் சொன்னான். சொல்லிவிட்டு, அந்தத் தேதியையும் எழுதிக்கொள்ளும்படி டன்ஸ்டனிடம் கேட்டுக்கொண்டான்.

டன்ஸ்டன் பேனாவைக் கீழே வைத்தார்.

"சார்ஜன்ட், இத்தனை பேரையும் நீர் எவ்வாறு பிடித்தீர்? உமது படகு அத்துணை வேகமானதன்று."

"மத்தவங்க ஓடுவாங்க சார். இவங்க ஓடமாட்டாங்க. அப்பனைப் பாத்துட்டு ஓடறது மரியாதை இல்ல. நின்னு, கயிறு வாங்கிக் கட்டி, அடித்தட்டுப் பலகையையும் அவங்களே தூக்கிக் காட்டுவாங்க."

"பிறகு ஏன் கடத்துகிறார்கள்?"

"அது பொழைப்பு சார்."

இரண்டு நாள் கழித்துத் தீர்ப்பு வந்தது. லஞ்சக் குற்றச்சாட்டு நிற்கவில்லை. ஆனால் டன்ஸ்டனால் இதை இப்படியே விடவும் முடியவில்லை. கோழிக்கும் வாத்துக்கும் நடந்த பேச்சுபோல அவருக்குப் பாதி புரிந்தது, பாதி புரியவில்லை. புரியாத பாதிக்கு ஓர் உத்தரவு போட்டார். பழைய பிள்ளைகள் இருந்துவிட்டுப் போகட்டும். புதிதாக ஒருவர்கூடச் சேரக் கூடாது. இனிமேல் கடலிலிருந்து யாரை எடுத்தாலும், எடுத்தது அரசாங்கம். ஒரே ஒரு பிள்ளை சேர்ந்தாலும் லோய் கிடங்குக்குப் போக வேண்டியதுதான்.

குடா முழுக்கச் செய்தி பரவியது.

"அப்ப இனிமே விழுறவனுக்கு ராணிதான் அம்மாவா?" என்று கேட்டாள் சாம்-மூய்.

"அப்படித்தான் போல."

"கால்சட்டை யாரு தருவா? கப்பல்ல வருமா?"

"கஞ்சிய ஊத்து."

வசந்தம் முடியும்வரை யாரும் விழவில்லை. ஜனங்கள் கவனமாக இருந்தார்கள். பிறகு ஒருநாள் காலை, டன்ஸ்டன் ஒன்பதாம் படகைப் பார்வையிட ஏறியிருந்தபோது, எதிர்க்கரை ஃபெர்ரி வழக்கத்தைவிடக் கிட்டத்தில் போனது. அதன் அலை வந்து சாம்-மூயின் படகைப் பக்கவாட்டில் தூக்கியது. பானை ஒரு பக்கம், அடுப்பு ஒரு பக்கம், அவள் ஒரு பக்கம். கிண்ணங்கள் கொஞ்ச நேரம் மிதந்துவிட்டு ஒவ்வொன்றாக மூழ்கின.

சுற்றிலும் இருந்த படகுகளில் எல்லோரும் எழுந்து நின்றார்கள். யாரும் அசையவில்லை. எல்லோரும் லோயைப் பார்த்தார்கள். லோய் டன்ஸ்டனைப் பார்த்தார்.

"உடனே தூக்கும்," என்றார் டன்ஸ்டன்.

லோய் கழியை எடுத்து நீட்டினார். தானாக ஏறிவிட்டால் எந்தச் சிக்கலும் இல்லை. சாம்-மூய் ஒரு கையால் அதைப் பிடித்தாள். மறு கையில் கொதிக்கும் கஞ்சி கொட்டி வெந்திருந்தது.

"கழியப் புடிச்சு ஏற நான் என்ன குரங்கா? கையைக் குடு."

"குடுக்கிறேன். ஆனா தூக்குறது கவர்மென்ட்டு. தெரிஞ்சுக்க."

"கவர்மென்ட்டுக்கு நான் மகளாக மாட்டேன். ராணி என்னைவிடச் சின்னவ."

"நானும்தான் சின்னவன்."

"நீ பக்கத்துல இருக்க. வாரத்துக்கு ஒருநாள் திட்டலாம். அவளை எங்க போயித் திட்டுறது?"

டன்ஸ்டன் பொறுமையிழந்து தானே குனிந்து கையை நீட்டினார். சாம்-மூய் அந்தக் கையை ஏற இறங்கப் பார்த்தாள்.

"இந்தப் புள்ள எனக்கு அப்பனா? ரெண்டு வருஷத்துல ஊருக்குக் கப்பல் ஏறிடுவான். அப்புறம் நான் யாருக்கு டீ ஊத்துறது? வேணாம், நான் இப்படியே கெடக்கேன்."

இதைச் சொல்லி முடிப்பதற்குள் ஃபெர்ரியின் இரண்டாம் அலை வந்தது. கழி கையிலிருந்து நழுவியது. நீரோட்டம் அவளைப் படகின் பின்பக்கமாக, படகைத் தள்ளும் விசிறி சுழலும் பக்கமாக இழுத்தது. "நிறுத்து!" என்று லோய் கத்தினார். பாவ் இன்ஜினை நிறுத்தினார். ஓடும் விசிறி உடனே நிற்காது. நனைந்த பருத்தி உடுப்பில் ஒரு ஆள் இரண்டு ஆள் எடை. சாம்-மூயின் தலை ஒருமுறை உள்ளே போய் வெளியே வந்தது. மறுமுறை போனது, வரவில்லை.

லோய் தொப்பியைக் கழற்றி டன்ஸ்டன் கையில் கொடுத்தார். குதித்தார்.

தண்ணீரை அடித்துக்கொண்டு அவர் போனது, எப்போதும்போலப் பார்க்கச் சகிக்கவில்லை. முங்கினார். மேலே வந்தபோது அவள் கொண்டை அவர் பிடியில் இருந்தது. அவள் இருமி, துப்பி, மூச்சு வந்ததும் கேட்ட முதல் கேள்வி:

"யார் பேர்ல?"

லோய் ஒன்பதாம் படகைத் திரும்பிப் பார்த்தார். சாம்பல் பூச்சு, பித்தளை மணி, அவர் தேய்த்துத் தேய்த்து மெலிந்துபோன கைப்பிடி.

"இது என் பிள்ளை," என்றார், தண்ணீருக்குக் கேட்கும்படி.

சுற்றியிருந்த படகுகளில் தகர டப்பாக்களைத் தட்டினார்கள். டன்ஸ்டன் நனைந்த இருவருக்கும் துண்டு கொடுத்தார். மறுநாள், சொன்ன சொல் தவறாதவராக, லோயைக் கிடங்குக்கு மாற்றினார்.

கிடங்கில் ஜன்னல் ஒன்றுதான், அதுவும் தெருவைப் பார்த்தது. லோய் மிதவைச் சட்டைகளை எண்ணினார், அடுக்கினார், கலைத்து மறுபடி அடுக்கினார். நிலம் ஆடவில்லை. அவருக்குச் சோறு இறங்கவில்லை. யூக்-லான் நாற்காலியின் ஒரு காலுக்கு அடியில் தீப்பெட்டி வைத்துக் கொடுத்தார். அது கொஞ்சம் ஆடியது. கொஞ்சம் தேவலாம் என்றார் லோய்.

சாம்-மூய் கை ஆறியதும் தினமும் கஞ்சியோடு வந்தாள். முறைப்படி கிண்ணமும் குச்சியும் கால்சட்டையும் வாங்கிக்கொண்டாள்.

"அப்பா, கால்சட்டை நீளமா இருக்கு."

"மடிச்சுத் தைச்சுக்க."

"பெத்த அப்பனா இருந்தா அளவெடுத்திருப்பான். எந்திரிப்பா, ஆறிப்போகுது."

"அப்பான்னு கூப்பிடாத. தெருவுல போறவங்க பாக்குறாங்க."

"பாக்கட்டும். உனக்காக இல்ல, தண்ணி கேக்கட்டும்னு கூப்பிடுறேன்."

இதற்குள் ஒன்பதாம் படகுக்குப் புது சார்ஜன்ட் வந்திருந்தார். திறமைசாலி. ஆனால் அவர் யாருக்கும் அப்பா இல்லை. அவரைக் கண்டதும் எல்லாப் படகும் ஓடின. துரத்தினார். டீசல் தீர்ந்தது. மறுநாளும் துரத்தினார். மழைக்காலம் முடியும்போது ஒன்பதாம் படகு பிடித்தது, இன்ஜின் பழுதாகி ஓட முடியாமல் நின்ற ஒரு காய்கறிப் படகை மட்டும். அதிலும் காய்கறிதான் இருந்தது.

ஒரு பிற்பகல் டன்ஸ்டன் கிடங்குக்கு வந்தார். மிதவைச் சட்டைகளின் அடுக்கைப் பாராட்டினார். பிறகு அவற்றை எண்ணத் தொடங்கினார்.

"ஓடறாங்களா சார்?" என்று லோயே கேட்டார்.

"மிக விரைவாக."

"இன்ஜின் அதேதானே சார்?"

"இன்ஜின் அதேதான்." டன்ஸ்டன் ஒரு மிதவைச் சட்டையின் நாடாவை முடிச்சுப் போட்டார், அவிழ்த்தார். "அந்த உத்தரவை எழுதியவன் நான். கிழிப்பதற்கு வேறு எவருடைய அனுமதியும் வேண்டியதில்லை. ஆயினும், வாத்து வாங்கலாகாது."

"டீ?"

"தேநீர் அருந்தலாம்."

லோய் மறுநாளே படகேறினார். மணியை ஒருமுறை தொட்டுப் பார்த்தார். பாவ் இன்ஜின் அறைக்குள் இறங்கிப் போனார்.

மத்தியான வெயிலில், கிழக்கு முனையைத் தாண்டியதும் ஒரு படகு தென்பட்டது. விளிம்புக்கும் தண்ணீருக்கும் நடுவே ஒரு சாண்கூட இல்லை, அவ்வளவு பாரம். கெங்-யாவின் படகு. ஒன்பதாம் எண்ணைக் கண்டதும் அது புகை கக்கிக்கொண்டு ஓடத் தொடங்கியது.

"வேகம் கூட்டவா?" என்று கீழேயிருந்து பாவ் கத்தினார்.

"வேணாம். ரொம்ப பாரம் ஏத்தியிருக்கான். துரத்தினா திரும்பவும் கவுந்துடுவான்."

லோய் சுக்கான் அறையை விட்டு வெளியே வந்து, முன்தட்டில் வெயிலில் நின்றார். வேறொன்றும் செய்யவில்லை.

சிறிது தூரம் ஓடியபின் கெங்-யாவ் திரும்பிப் பார்த்தான். கையை நெற்றிக்கு வைத்து மறுபடி பார்த்தான். அவன் இன்ஜின் சத்தம் நின்றது. படகு தன் வேகத்திலேயே கொஞ்சம் நழுவி, அலையில் ஆடி நின்றது. ஒன்பதாம் படகு பக்கத்தில் வந்தபோது அவன் டின்களின்மேல் ஏறி நின்று, இரண்டு கைகளையும் மணிக்கட்டு சேர்த்து முன்னால் நீட்டிக்கொண்டிருந்தான். முகம் முழுக்கச் சிரிப்பு.

"அப்பா, நீங்கன்னு தெரியாமப் போச்சு. தெரிஞ்சிருந்தா ஓடியிருப்பனா?"

"எத்தனை டின்னு?"

"நிறைய இருக்குப்பா. நீங்க இல்லாத தைரியத்துல." மூச்சு வாங்கினான். "ஓடி ஓடி இன்ஜினும் போச்சு, நானும் போயிட்டேன்."

"சாப்பிட்டியா?"

"இல்ல."

"கைய எறக்கு. கயிறு புடிக்க வேணாமா?"

லோய் கயிற்றை வீசினார். கெங்-யாவ் அதைப் பிடித்து, தன் படகின் முனையிலிருந்த கட்டையில் இரண்டு சுற்றுச் சுற்றி இறுக்கினான். கட்டு நிற்கிறதா என்று தானே ஒருமுறை இழுத்துப் பார்த்துக்கொண்டான்.